ஆழ்கடல் தளத்தைச் சுற்றிக் கூடும் டிரவுண்டுகளைத் தடுப்பது எப்படி? (மைன்கிராஃப்ட், ஜாவா பதிப்பு)

கேள்வி

வணக்கம் நண்பர்களே. மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பின் 1.20இல், ஹார்டு நிலையில், தனியாகவே விளையாடி வருகிறேன். ஆழ்கடலின் தரையில், ஒய் மதிப்பு (உயர அளவு) 36இல், 21 பிளாக் அகலத்துக்கு ஒரு கண்ணாடிக் குவிமாடம் கட்டியிருக்கிறேன். மணலைக் கொட்டி நீரை விலக்குவது, கண்ணாடியை அடுக்குவது, பிறகு மணலை அள்ளி வெளியேற்றுவது என்று இரண்டு வாரங்கள் மாலை நேரம் முழுவதையும் அதற்கே செலவிட்டேன். கட்டி முடித்த அன்று உள்ளே நின்றுகொண்டு, தலைக்கு மேல் மீன்கூட்டம் போவதைப் பார்த்தபோது கிடைத்த நிறைவு, இந்த விளையாட்டில் வேறு எதிலும் எனக்குக் கிடைத்ததில்லை.

ஆனால் இப்போது அங்கே நிம்மதியாக இருக்க முடியவில்லை. வெளியே போகும்போதெல்லாம் நான்கைந்து டிரவுண்டுகள் (நீரில் திரியும் ஜோம்பிகள்) வாசலருகே திரிகின்றன. அவற்றில் ஒன்றின் கையில் ட்ரைடென்ட் என்னும் எறியும் திரிசூலம் இருந்துவிட்டால், எங்கிருந்து வருகிறது என்று பார்ப்பதற்குள்ளேயே உயிர் போய்விடுகிறது. இரண்டு முறை இறந்து, ஒரு முறை பொருட்களை ஐந்து நிமிடத்துக்குள் எடுக்க முடியாமல் எல்லாவற்றையும் இழந்தேன். தளத்துக்குள் நுழைய ஒரு பக்க அறையின் தரையில் 2×2 அளவில் திறந்த குளம் ஒன்றை விட்டிருக்கிறேன். அதன் வழியாகவும் ஒரு டிரவுண்ட் ஏறி வந்துவிட்டது.

இதைவிடப் பெரிய அதிர்ச்சி சென்ற வாரம் நடந்தது. பெட்டிகளை வைத்திருக்கும் இணைப்புப் பாதையில் ஒரு க்ரீப்பர் (நெருங்கி வந்து வெடிக்கும் பகை உயிரினம்) வெடித்து, கண்ணாடி உடைந்து, பாதி தளம் நீரில் மூழ்கியது. க்ரீப்பர் கடலுக்கடியில் எப்படி வந்தது என்பது எனக்கு விளங்கவேயில்லை. இது போதாதென்று, வடக்குச் சுவரிலிருந்து ஏறத்தாழ 40 பிளாக் தொலைவில் ஓர் ஓஷன் மானுமென்ட் (கார்டியன் என்னும் பகை மீன்கள் காக்கும் கடலடிக் கட்டடம்) இருக்கிறது. தளத்தின் வடபகுதியில் எதையாவது உடைக்கப் போனால், திரையில் அங்குள்ள பெரிய கார்டியனான எல்டர் கார்டியனின் உருவம் தோன்றி, ஒரு கல்லை உடைக்கக்கூட நெடுநேரம் ஆகிறது.

என்னிடம் இப்போது நீருக்குள்ளும் ஒளிரும் 11 சீ லான்டர்ன் விளக்குகளும், ஒரு ஹார்ட் ஆஃப் தி சீயும், ஐந்து நாட்டிலஸ் ஓடுகளும் இருக்கின்றன. குவிமாடத்துக்கு வெளியே அப்சிடியன் என்னும் மிகக் கடினமான கல்லால் இரட்டைச் சுவர் எழுப்பலாம் என்று எண்ணியிருக்கிறேன். அதற்கு முன் அனுபவமுள்ளவர்களின் கருத்தைக் கேட்டுவிடலாம் என்றுதான் எழுதுகிறேன்.

மறுமொழி 1

அப்சிடியனுக்காக உழைக்க வேண்டாம். நீங்கள் கட்டிய கண்ணாடியே போதும். டிரவுண்ட் சுவரை உடைக்காது. ட்ரைடென்ட் கண்ணாடியைத் துளைக்காது. கார்டியனின் ஒளிக்கற்றையும் கண்ணாடியைத் தாண்டி வராது. நமக்குக் கண்ணாடி வழியாக வெளியே தெரிந்தாலும், இந்த உயிரினங்களுக்கு அது சுவர்தான். குவிமாடத்துக்குள் நிற்கும் உங்களை அவை பார்த்துக் குறிவைப்பதில்லை. ஆகவே, தளத்தைக் காப்பது என்றால் சுவரைத் தடிப்பாக்குவது என்று எண்ணாமல், அவை எங்கே உருவாகின்றன, எந்த வழியாக உள்ளே வருகின்றன என்ற இரண்டையும் பாருங்கள்.

முதலில் அந்த க்ரீப்பரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது கடலிலிருந்து வரவில்லை. உங்கள் பெட்டிப் பாதையிலேயே, இருட்டான ஒரு மூலையில் அது உருவாகியிருக்கிறது. க்ரீப்பர் நீருக்குள் வெடித்தால் பிளாக்குகள் உடைவதில்லை என்பதால், வெளியிலிருந்து வந்து கண்ணாடியைத் தகர்க்க அதனால் முடியாது; உள்ளே காற்றில் நின்று வெடித்ததால்தான் உடைந்தது. 1.18 முதல், நிலப்பரப்பு உலகின் இத்தகைய பகை உயிரினங்கள் பிளாக் ஒளி (டார்ச், விளக்கு போன்றவை தரும் ஒளி) 0 ஆக உள்ள இடத்தில் மட்டுமே உருவாகின்றன. எஃப் 3 விசையை அழுத்தி விவரத் திரையைத் திறந்துகொண்டு அந்தப் பாதையில் மெதுவாக நடந்து பாருங்கள். இடப்பக்கம் ஒளி அளவைக் காட்டும் வரியில் வானொளி, பிளாக் ஒளி என்று இரண்டு எண்கள் வரும். பெரும்பாலும் பெட்டிகளின் பின்புறத்திலோ படிக்கட்டின் அடியிலோ இரண்டாவது எண் 0 என்று காட்டும். அங்கே ஒரே ஒரு டார்ச் வைத்தால் அந்தச் சிக்கல் தீர்ந்தது. தரையையே கண்ணாடியாக்கினாலும் அதன்மேல் எதுவும் உருவாகாது.

வெளியேயும் அடிப்படை இதேதான், ஆனால் பலரும் ஒரு தவறு செய்கிறார்கள். கடல் தரையில் மட்டும் விளக்குகளைப் பதித்துவிட்டு, டிரவுண்ட் இன்னும் வருகிறதே என்று வருந்துகிறார்கள். டிரவுண்ட் தரையில்தான் உருவாக வேண்டும் என்பதில்லை. கடல் பகுதியில் ஒய் 58க்குக் கீழே, இருட்டாக இருக்கும் எந்த நீர் பிளாக்கிலும், நடுநீரில்கூட, அது உருவாகும். நீர் ஒவ்வொரு பிளாக்குக்கும் வானொளியை ஒரு படி குறைப்பதால், நண்பகலிலேயே உங்கள் ஆழத்தில் வானொளி எட்டுவதில்லை. ஆகவே தரையோடு மேலே உள்ள நீரையும் சேர்த்துத்தான் ஒளியூட்ட வேண்டும்.

கணக்கு எளிது. சீ லான்டர்னின் ஒளி 15. ஒரு பிளாக் நகர்ந்தால் ஒன்று குறையும். 14 பிளாக் தொலைவில் இன்னும் 1 மிஞ்சும், அதுவே போதும். இந்தத் தொலைவைக் குறுக்கே அளக்காமல், பக்கவாட்டிலும் மேலேயுமாக நகரும் பிளாக்குகளை எண்ணிக் கூட்டுங்கள். விளக்குகளை 8 பிளாக் இடைவெளியில் கட்டம் கட்டமாகத் தரையில் பதித்தால், நான்கு விளக்குகளின் நடுப்புள்ளி ஒவ்வொன்றிலிருந்தும் 8 பிளாக் தள்ளியிருக்கும். மீதமுள்ள 6 பிளாக் உயரம் வரை மட்டுமே அங்கே ஒளி எட்டும். அதற்கு மேலே உள்ள நீர் இருட்டுதான். எனவே இரண்டாவது அடுக்கு வேண்டும். அதற்கென்று தூண் நட வேண்டியதில்லை: உங்கள் குவிமாடத்தின் உச்சி ஒய் 46ஐ ஒட்டி இருக்குமென்றால், அதன் உச்சியிலும் தோள்களிலும் விளக்குகளைப் பதித்தாலே குவிமாடத்தைச் சூழ்ந்த நீரின் பெரும்பகுதி தெளிந்துவிடும். கண்ணாடி ஒளியை மறைக்காது என்பதால் உள்ளே வைக்கும் விளக்குகளும் வெளியே உதவும்.

11 சீ லான்டர்ன் இதற்குப் போதாதுதான். டார்ச் நீரில் நிற்காது. ஆனால் கடலடியில் வளரும் சீ பிக்கிள்கள் ஒரே பிளாக்கில் நான்கு சேர்ந்தால் 15 ஒளி தரும், நீரில் இருக்கும்வரை. வெதுவெதுப்பான கடல் பகுதியில் சில எடுத்துவந்து, உயிருள்ள பவளப் பிளாக்கின்மேல் வைத்து எலும்புப் பொடி தூவினால் பெருகும். தரை அடுக்குக்கு அவை, மேல் அடுக்குக்கு லான்டர்ன் என்று பிரித்துக்கொள்ளுங்கள்.

மறுமொழி 2

மேலே எழுதியவரின் கணக்கு சரியானது. ஆயினும் ஒளி மட்டும் போதும் என்ற எண்ணத்தோடு நிறுத்திக்கொண்டால் ஏமாற்றமே மிஞ்சும் என்பதால் ஒன்றைச் சேர்க்கிறேன். பகை உயிரினங்கள் விளையாடுபவரிடமிருந்து 24 பிளாக்குக்கு உட்பட்ட இடத்தில் உருவாவதே இல்லை. நீங்கள் குவிமாடத்தின் நடுவில் நின்றால், அதைச் சுற்றிப் பதின்மூன்று பதினான்கு பிளாக் வரையுள்ள நீர், விளக்கு இருந்தாலும் இல்லாவிட்டாலும் காலியாகத்தான் இருக்கும். அப்படியானால் நீங்கள் உள்ளே இருக்கும்போது வாசலில் கூடும் டிரவுண்டுகள் அதற்கு அப்பாலிருந்து, நீங்கள் ஒளியூட்டாத கடலிலிருந்து, நீந்தி வந்தவை. தளத்தைச் சுற்றி வைக்கும் விளக்கு பெரிதும் பயன்படுவது, நீங்கள் சற்றுத் தொலைவு போய்விட்டுத் திரும்பும் வேளையில்தான். கடல் முழுவதையும் யாராலும் ஒளியூட்ட முடியாது. வந்து சேர்பவற்றைக் கொல்வதற்கு ஒன்று வேண்டும், அது ஹார்ட் ஆஃப் தி சீயையும் எட்டு நாட்டிலஸ் ஓடுகளையும் சேர்த்துச் செய்யும் கான்டியூட் என்னும் நீரடிக் கருவி.

உங்களிடம் ஹார்ட் ஆஃப் தி சீ இருக்கிறது. எட்டு நாட்டிலஸ் ஓடுகளில் ஐந்து இருக்கின்றன. மீதி மூன்றை டிரவுண்டுகளிடமிருந்தோ, தூண்டிலிலோ, நாடோடி வணிகரிடம் ஓர் ஓட்டுக்கு ஐந்து மரகதம் கொடுத்தோ பெறலாம். இடது கையில் ஓட்டை ஏந்தி வரும் டிரவுண்டைக் கண்டால் அதை விடாதீர்கள். கொன்றால் ஓடு தவறாமல் கிடைக்கும்.

கான்டியூட்டைச் சுற்றிய சட்டகத்தில் 16 பிளாக்குகள் இருந்தாலே அது இயங்கும். 32 பிளாக் வட்டத்துக்குள் நீரில் இருக்கும் உங்களுக்கு மூச்சும் தெளிவான பார்வையும் விரைவாகத் தோண்டும் வலுவும் கிடைக்கும். பலர் இத்துடன் நின்றுவிட்டு, இது டிரவுண்டைத் தாக்கவில்லையே என்று கேட்கிறார்கள். தாக்குவதற்கு முழுச் சட்டகம், அதாவது 5×5 வளையங்கள் மூன்று ஒன்றையொன்று வெட்டும் 42 பிளாக்குகள் வேண்டும். அப்போது வீச்சு 96 பிளாக்குக்கு விரியும். ஆனால் கொல்லும் எல்லை அப்போதும் 8 பிளாக்தான். இந்த வேறுபாட்டை மனத்தில் வைத்துக்கொண்டுதான் இடத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அழகுக்காகக் குவிமாடத்தின் உச்சியில் வைத்தால் வாசலில் நிற்கும் டிரவுண்டுக்கு ஒன்றும் ஆகாது. நான் முதலில் அப்படித்தான் வைத்தேன். பிறகு எல்லாவற்றையும் பிரித்து, வாசலுக்கு நேர் மேலே, ஐந்து பிளாக் தள்ளி மாற்றிக் கட்டினேன். இரண்டு நொடிக்கு ஒரு முறை 4 புள்ளி என்று அது தாக்கும். 20 புள்ளி உயிருள்ள டிரவுண்ட் ஐந்து தாக்குதலில், ஏறத்தாழ பத்து நொடியில் விழுந்துவிடும். ஒரு நேரத்தில் ஒன்றைத்தான் அது குறிவைக்கும். ஆகவே ஐந்து சேர்ந்து வந்தால் ஒரு நிமிடம் உள்ளேயே காத்திருங்கள்.

கட்டும்போது கவனிக்க வேண்டியது, கான்டியூட்டும் அதைச் சூழ்ந்த 3×3×3 இடமும் முழுவதும் நீராக இருக்க வேண்டும் என்பது. அதை வைப்பதற்காக ஒரு தற்காலிகக் கல்லை நட்டிருப்பீர்கள். அந்தக் கல்லை எடுக்க மறந்தால் அது உறங்கியே கிடக்கும். சட்டகத்துக்குப் பிரிஸ்மரின் என்னும் கடலடிக் கல்லின் வகைகளும் சீ லான்டர்னும் மட்டுமே ஏற்கும். எளிய பிரிஸ்மரினில் கட்டினால் ஒரு பிளாக்குக்கு நான்கு பிரிஸ்மரின் சில்லு, ஆக 42க்கு 168 சில்லு. உங்கள் 11 லான்டர்னையும் சட்டகத்தில் சேர்த்தால் 124 போதும், வாசலுக்கு விளக்கும் ஆயிற்று.

அந்தத் திறந்த குளத்தை மூடிவிடுங்கள். ஜாவா பதிப்பில் கதவு திறந்திருந்தாலும் மூடியிருந்தாலும் அந்த இடத்துக்குள் நீர் நுழையாது. எனவே பக்கச் சுவரில் ஒரு மரக்கதவு, அதையடுத்து மூன்று பிளாக் நீளமுள்ள, விளக்கிட்ட உலர்ந்த அறை, அதன் முடிவில் ஓர் இரும்புக்கதவு என்று அமையுங்கள். வெளிக்கதவை இரும்பில் செய்ய முயன்று பலர் திண்டாடுவார்கள். பொத்தான் நீருக்குள் நிற்காது, அடித்துக்கொண்டு போய்விடும். உள் அறை உலர்ந்திருப்பதால் அங்கே பொத்தானுக்குத் தொல்லை இல்லை.

மறுமொழி 3

இருவரும் டிரவுண்டைப் பற்றியே பேசியிருப்பதால் மானுமென்டைப் பற்றி நான் எழுதுகிறேன். உண்மையில் உங்கள் வேலைகளில் முதலாவதாக வர வேண்டியது அதுதான் என்பது என் கருத்து, ஏனென்றால் சட்டகத்துக்கான பிரிஸ்மரின் அங்கேதான் கொட்டிக் கிடக்கிறது.

எல்டர் கார்டியன் தன்னைச் சுற்றி 50 பிளாக்குக்குள் இருக்கும் விளையாட்டாளருக்கு மைனிங் ஃபெட்டீக்கை (தோண்டும் வேகத்தைக் குறைக்கும் விளைவை) ஏவுகிறது. அது சுவரையும் கண்ணாடியையும் பொருட்படுத்தாது. ஐந்து நிமிடம் நீடிக்கும். நிமிடத்துக்கு ஒரு முறை மீண்டும் ஏவப்படும். பால் குடித்தால் நீங்கும், ஆனால் அடுத்த நிமிடமே திரும்பும். தளத்தின் வடபகுதியில் மட்டும் உங்களுக்கு அது வருவதன் காரணம், மானுமென்டின் உங்கள் பக்கத்துச் சிறகில் உள்ள எல்டர் அங்கே எட்டுகிறது என்பதுதான். மொத்தம் மூன்று எல்டர்கள். மேல் அறையில் ஒன்று, இரு சிறகுகளில் ஒவ்வொன்று. கொன்றால் அவை மீண்டும் பிறப்பதில்லை. ஆகவே இந்தச் சிக்கலுக்கு ஒரே ஒரு நாள் போர் நிரந்தரத் தீர்வு. ஒவ்வொன்றும் ஓர் ஈரப் பஞ்சைத் தரும். வெள்ளம் புகுந்த உங்கள் பாதையை வற்றவைக்க அது உதவும், உலையில் உலர்த்தி மீண்டும் மீண்டும் பயன்படுத்தலாம்.

சாதாரண கார்டியன்கள் மட்டும் தொடர்ந்து பிறந்துகொண்டே இருக்கும், இங்கே விளக்கு உதவாது. அவை உருவாவதற்கு இருட்டு தேவையில்லை. மானுமென்டின் 58×58 எல்லைக்குள் நீர் இருந்தால் போதும். ஆனால் அவற்றின் ஒளிக்கற்றை ஏறத்தாழ 15 பிளாக் தொலைவுக்குத்தான் எட்டும் என்பதாலும், அவை பெரும்பாலும் தம் இடத்தையே சுற்றுவதாலும், 40 பிளாக் தள்ளியிருக்கும் உங்கள் தளத்துக்கு அவற்றால் பெரிய தொல்லை இல்லை. வழிதவறி வரும் ஒன்றை, 30 புள்ளி உயிர் என்பதால் எட்டாவது தாக்குதலில், கான்டியூட் முடித்துவிடும்.

மானுமென்டுக்குப் போகும்போது மூச்சுக்கு மருந்து, காலணியில் டெப்த் ஸ்ட்ரைடர் (நீரில் விரைவாக நகர உதவும் மந்திரம்), இரண்டு மூன்று வாளி பால் எடுத்துக்கொள்ளுங்கள். ஆக்சலாட்டில் என்னும் சிறு நீர்வாழ் உயிரினங்கள் இரண்டையும் வாளியில் கொண்டுபோகலாம். அவை டிரவுண்டையும் கார்டியன்களையும் தாக்கும். அவை தாக்கிய உயிரினத்தை நீங்கள் கொன்றால், உங்கள் மைனிங் ஃபெட்டீக் நீங்கி, உயிரும் மெல்ல மீளும். ஆனால் அவற்றைத் தளத்தின் காவலர்களாக வெளியே விட்டுவிடாதீர்கள். நான்கை வளர்த்து என் வாசலில் விட்டேன். அவற்றுக்கு 14 புள்ளிதான் உயிர். அடிபட்டதும் ஒன்று மல்லாந்து இறந்ததுபோல் கிடந்து உயிரை மீட்டுக்கொண்டது. அதைப் பார்த்து மகிழ்ந்தேன். மறுநாள் திரும்பியபோது அது உட்பட மூன்றைக் காணவில்லை. நீலநிறத்தது ஒன்று மட்டும் கெல்ப் இலைகளுக்கு நடுவே எஞ்சியிருந்தது. இப்போது அதை உள்ளே ஒரு தொட்டியில் வைத்திருக்கிறேன். போருக்குப் போகும்போது மட்டும் வாளியில் எடுத்து, போர் முடிந்ததும் திரும்ப எடுத்துவந்துவிடுகிறேன்.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. நீங்கள் சொன்ன வரிசையிலேயே செய்தேன். பெட்டிப் பாதையில் நான்கு இடங்களில் பிளாக் ஒளி 0 இருந்தது, அவற்றில் ஒன்று வெடிப்பு நடந்த அதே மூலை. எல்டர்கள் மூன்றையும் இரண்டு மாலைகளில் முடித்தேன். அதன் பிறகு வடக்கு அறையில் கற்கள் பழையபடி உடைகின்றன. கதவறையும் அமைத்துவிட்டேன். கான்டியூட்டுக்கு ஓர் ஓடு மட்டும் இன்னும் குறைகிறது.

ஒரே ஒரு குறை. தளத்தின் தென்புறம் முழுவதும் விளக்கிட்டும், நான் வெளியே போய்த் திரும்பும்போது வாசலுக்குப் பன்னிரண்டு பிளாக் அருகிலேயே டிரவுண்டுகள் நிற்கின்றன. தரையிலும் நடுநீரிலும் எங்குமே 0 காட்டவில்லை. அவை எங்கிருந்து வருகின்றன?

மறுமொழி 1

அருகில் தரையில் ஏதாவது பிளவு இருக்கிறதா என்று பாருங்கள். 1.18க்குப் பிறகு கடலுக்கடியில் நீர் நிரம்பிய குகைகள் மிகுதி. மேலே கடல் என்பதால் அந்தக் குகைநீரும் கடல் பகுதியாகவே கணக்கிடப்பட்டு, அங்கேயும் டிரவுண்ட் உருவாகும். மேலே நீங்கள் வைத்த விளக்கு தரையைத் துளைத்துக் கீழே போகாது.

கேள்வி கேட்டவர்

இருக்கிறது. வாசலுக்குத் தென்மேற்கே, கடற்புல் மூடிய ஒரு நீண்ட பிளவு. இரண்டு பிளாக் அகலம்தான் என்பதால் இதுவரை அதைப் பள்ளமென்றே எண்ணவில்லை. எட்டிப் பார்த்தால் ஆழத்தில் மாக்மா சிவப்பாகத் தெரிகிறது, குமிழிகளும் எழுகின்றன. உள்ளே இறங்கி விளக்கிடலாமா?

மறுமொழி 1

வேண்டாம். மாக்மாவின் மேலுள்ள குமிழிகள் உங்களைக் கீழே இழுக்கும். குகை எவ்வளவு தூரம் போகிறதென்றும் தெரியாது. மூடிவிடுவதே நல்லது. மணலோ சரளையோ அப்படியே போட்டால் அடிவரை விழுந்துகொண்டே போகும். எனவே முதலில் பிளவின் வாயில் ஒரு வரிசை கல்லைப் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டே போய் அடைத்து, அதன்மேல் சரளையைப் பரப்பி, கடற்புல்லை நட்டுவிடுங்கள். கடைசிக் கல்லை வைப்பதற்கு முன் அருகில் எதுவும் மேலே ஏறி வந்து நிற்கவில்லை என்று ஒரு முறை திரும்பிப் பாருங்கள். இடது கையில் ஓட்டோடு ஒன்று நின்றால், அதை முடித்துவிட்டு மூடுங்கள், உங்கள் எட்டாவது ஓடும் சேர்ந்துவிடும்.